ரிஃப் போட்டவன் பெயர் எங்கே? 'எவ்ரி பிரெத் யூ டேக்' உருவான கதையும் எங்கள் மாடி அறைச் சண்டையும்

காட்பாடி_கிட்டார் | ஞாயிறு, இரவு 10.52

வணக்கம். கொஞ்சம் நீளமான பதிவு, பொறுத்துக்கொள்ளுங்கள்.

நாங்கள் நாலு பேர். காந்தி நகரில் ஒரு வீட்டு மொட்டை மாடியில், தகரக் கூரை போட்ட அறையில் இரண்டு வருடமாக வாசிக்கிறோம். நான் கிட்டார். பாடுகிறவன்தான் பேஸும். ஒருவன் டிரம்ஸ், ஒருவன் கீபோர்டு. கல்லூரி விழாக்களில் அடுத்தவர் பாட்டை வாசித்து வாசித்து, கடைசியில் சொந்தமாக ஒரே ஒரு பாட்டு தேறியது. அதைச் சிங்கிளாக வெளியிடப் போகிறோம். போகிறோம் என்று சொல்லக் கூடாது, போவதாக இருந்தோம்.

பதிவேற்றும் இடத்தில் எழுதியவர், இசையமைத்தவர் என்று இரண்டு கட்டம் இருக்கிறது. பாடுகிறவன் இரண்டிலும் தன் பெயரை மட்டும் போட்டுவிட்டான். வரியும் மெட்டும் அவனுடையவை, அதில் எனக்குச் சண்டையே இல்லை. ஆனால் பாட்டைத் தொடங்கிவைத்து, திரும்பத் திரும்ப வரும் கிட்டார் துண்டு, அதாவது ரிஃப், என்னுடையது. கேட்டவர்கள் எல்லாரும் முணுமுணுப்பது அதைத்தான். கேட்டால், "நீ வாசிச்ச, நான் எழுதினேன், ரெண்டும் வேற" என்கிறான். மூன்று வாரமாகப் பேச்சில்லை.

தி போலீஸ் பேண்டின் 'எவ்ரி பிரெத் யூ டேக்' பாட்டிலும் இதே தகராறு என்று ஒரு நண்பன் சொன்னான். அந்தப் பாட்டு எப்படி உருவானது என்று தெரிந்தவர்கள் சொல்லுங்கள். அங்கே யார் பக்கம் நியாயம்?

கோட்டை_அகழி | ஞாயிறு, இரவு 11.20

போலீஸ், தகராறு என்று பார்த்துவிட்டு தொரப்பாடி ஜெயில் சமாச்சாரம் ஏதோ என்று உள்ளே வந்தேன். ஏமாற்றம்.

நியாயம் பாடுகிறவன் பக்கம்தான் தம்பி. ஆயிரம் சினிமாப் பாட்டில் ஆரம்பத்தில் வரும் கிட்டார் துண்டை வாசித்தவர் பெயர் உனக்குத் தெரியுமா? வாசித்தார், அன்றைய சம்பளத்தை வாங்கினார், வீட்டுக்குப் போனார்.

சத்துவாச்சாரி_சத்தம் | திங்கள், காலை 7.15

இருபத்தைந்து வருடமாக மைக் செட்டு, மிக்ஸர் என்று பிழைப்பு நடத்துகிறவன் நான். எந்த மண்டபத்துக்குப் போனாலும் ஸ்பீக்கர் கட்டி முடித்ததும் முதலில் போட்டுப் பார்ப்பது இந்தப் பாட்டைத்தான். கிட்டார், பேஸ், டிரம்ஸ், குரல் நாலும் தனித்தனியாக நிற்கும். எது சரியில்லை என்று உடனே காதுக்குத் தெரிந்துவிடும். அதனால் அதன் கதையைத் தேடிப் படித்திருக்கிறேன்.

1982. அந்தப் பேண்டில் பாடி, பேஸும் வாசித்த ஸ்டிங்கின் முதல் கல்யாணம் முறிந்துகொண்டிருந்த நேரம். ஜமைக்காவில் கோல்டன்ஐ என்ற வீட்டில் போய்த் தங்கினார். ஜேம்ஸ் பாண்ட் கதைகளை எழுதிய இயான் ஃபிளெமிங்கின் வீடு அது. நடு ராத்திரியில் ஒரு வரி மனதில் வந்து விழிப்புத் தட்டியது, பியானோவில் உட்கார்ந்தேன், அரை மணி நேரத்தில் பாட்டு முடிந்தது என்று அவரே சொல்லியிருக்கிறார். கார்டு (சேர்ந்து ஒலிக்கும் சுரங்கள்) வரிசையைப் பார்த்தால் அதில் ஒரு புதுமையும் இல்லை. ஏ, எஃப் ஷார்ப் மைனர், டி, இ. 1950களிலிருந்து கணக்கில்லாத பாட்டுகளில் வந்த வரிசை அது. நம் சர்ச் பாட்டுப் புத்தகத்திலும் பத்து தேறும்.

அவர் பேண்டிடம் கொண்டுவந்த மாதிரிப் பதிவில், அதாவது டெமோவில், ஆர்கன் சத்தம்தான் அடைத்துக்கொண்டு நின்றது. கிட்டாருக்கு இடமே இல்லை.

பதிவு நடந்தது கரீபியன் கடலில் மான்செராட் என்ற சின்னத் தீவில். பீட்டில்ஸின் தயாரிப்பாளர் ஜார்ஜ் மார்ட்டின் 1979-ல் திறந்த ஏர் ஸ்டுடியோ அங்கே இருந்தது. 1989-ல் ஹ்யூகோ புயல் அதைச் சின்னாபின்னமாக்கியது, அது வேறு கதை. பேண்டோடு சேர்ந்து தயாரித்தவர் ஹியூ பட்காம். மூன்று பேரையும் அவர் உட்காரவைத்த விதத்தைக் கேளுங்கள். டிரம்மர் ஸ்டூவர்ட் கோப்லண்ட் சாப்பாட்டு அறையில். கிட்டார் ஆண்டி சம்மர்ஸ் ஸ்டுடியோ கூடத்தில். ஸ்டிங் கன்ட்ரோல் ரூமில். சாப்பாட்டு அறையோடு பேச வீடியோ இணைப்பு. ஒருவர் சத்தம் இன்னொருவர் மைக்கில் ஏறாது என்பது தொழில் காரணம். அடிதடி குறையும் என்பது நான் சேர்த்துக்கொள்ளும் காரணம். அப்போது ஸ்டிங்குக்கும் கோப்லண்டுக்கும் அந்த அளவுக்கு ஆகாது. ஆல்பத்தையே கைவிட்டுவிடலாமா என்று பேசும் வரைக்கும் போனது.

எட்டரைக்கு ஒரு கல்யாணச் செட்டு ஏற்ற வேண்டும். மீதி மத்தியானம்.

ஆம்பூர்_அடி | திங்கள், காலை 9.40

கோப்லண்டைப் பற்றி டிரம்மர் ஒருவன் சொல்லவில்லையென்றால் நன்றாக இருக்காது. பகலில் ஷூ கம்பெனியில் கட்டிங், ராத்திரியில் டிரம்ஸ் என்று இருப்பவன் நான், என்னிடம் விடுங்கள்.

அந்த மனிதரின் ஹை-ஹாட் தட்டு ஜோடியைக் கேட்டிருக்கிறீர்களா? தட்டு இரண்டும் பேசும். ஜமைக்கா ரெகே தாளத்தை எடுத்து, அடி விழ வேண்டிய இடத்தில் சும்மா இருந்துவிட்டு, விழக் கூடாத இடத்தில் போடுவார். அப்பேர்ப்பட்ட கையைக் கூப்பிட்டு, "சும்மா நேராக அடி, வேறு ஒன்றும் வேண்டாம்" என்றால் எப்படி இருக்கும்? ஆம்பூர் பிரியாணி மாஸ்டரிடம் தயிர்சாதம் கேட்ட மாதிரி. நாலு நிமிடப் பாட்டில் நம்மை நிமிர்ந்து உட்காரவைக்கும் உருட்டு ஒன்றுகூட இல்லை. ஸ்டிங்கின் ஆகச் சிறந்த பாட்டு, ஆனால் பேண்டுக்குக் கிடைத்த வாய்ப்பை வீணடித்த பதிவு என்ற பொருளில் கோப்லண்ட் பிறகு பேசியிருக்கிறார்.

எனக்கு என்னவோ ஸ்டிங் கேட்டது சரி என்றுதான் படுகிறது. டிரம்மரே சொல்கிறேன், குறித்துக்கொள்ளுங்கள்.

கூடவே ஒரு கைத்தொழில் ரகசியம். ஸ்நேர் டிரம் ரொம்ப கணகணவென்று கத்தினால் அதன் தோல் மேல் ஒரு பர்ஸை வையுங்கள். சத்தம் 'டப்' என்று அடங்கும். ஆம்பூர்த் தோல் பர்ஸாக இருந்தால் இன்னும் நல்லது, ரெக்சின் வழுக்கிக் கீழே விழும். காசை முதலில் எடுத்துவிடுங்கள். ஒரு கச்சேரியில் எனக்கு நடந்ததால் சொல்கிறேன்.

சத்துவாச்சாரி_சத்தம் | திங்கள், மத்தியானம் 2.05

மண்டப வேலை முடிந்தது. விட்ட இடத்திலிருந்து.

பேஸும் டிரம்ஸும் குரலும் இருக்கின்றன. ஆர்கனைத் தூக்கியாகிவிட்டது. நடுவில் பெரிய ஓட்டை. ஸ்டிங் சம்மர்ஸைப் பார்த்து, போய் உன் பாணியில் ஏதாவது செய் என்றார். சம்மர்ஸ் அந்தச் சமயத்தில் ஹங்கேரி இசையமைப்பாளர் பார்டோக் இரண்டு வயலினுக்கு எழுதிய சின்னச் சின்ன உருப்படிகளைக் கிட்டாரில் வாசித்துப் பழகிக்கொண்டிருந்தார். அந்த விரல் பழக்கத்தில், சாதா கார்டைப் பிடிக்காமல் ஒவ்வொரு கார்டிலும் ஒன்பதாவது சுரத்தைச் சேர்த்து, கம்பி கம்பியாகப் பிரித்து வாசித்தார். ஒரே டேக், அதாவது ஒரே தடவையில் பதிவு. முடித்ததும் கன்ட்ரோல் ரூமில் இருந்தவர்களுக்குத் தெரிந்துவிட்டது, பாட்டு வந்துவிட்டது என்று.

நடுப்பகுதியில் ஒரு பியானோ வரும் பாருங்கள், ஒரே கட்டையை டங் டங் என்று அடிப்பது. அந்த இடத்தை எப்படி நிரப்புவது என்று தெரியாமல் தவித்தபோது ஸ்டிங் போய் ஒற்றை விரலில் அடித்தது அது. அதுவும் அப்படியே நின்றுவிட்டது.

1983 மே மாதம் வெளியானது. அமெரிக்காவில் எட்டு வாரம் முதலிடம், இங்கிலாந்தில் நாலு வாரம். 1984-ல் இரண்டு கிராமி. அந்த இரண்டையும்தான் தம்பி கவனிக்க வேண்டும். 'ஆண்டின் சிறந்த பாட்டு' என்பது எழுதியவருக்கான விருது, ஸ்டிங் ஒருவருக்கே போனது. குழுவாகப் பாடி வாசித்ததற்கான விருது மூன்று பேருக்கும். உன் பாடகன் சொல்கிற 'எழுதினது வேற, வாசிச்சது வேற' அங்கேயே இருக்கிறது.

காட்பாடி_கிட்டார் | திங்கள், இரவு 9.30

அண்ணா, வேலை முடிந்து வந்து அந்த ரிஃபை உட்கார்ந்து வாசித்துப் பார்த்தேன். ஆள்காட்டி விரல் ஐந்தாம் ஃபிரெட்டில், நடுவிரல் ஏழில், சுண்டுவிரல் ஒன்பதில். கை விரிகிற விரிப்பில் மணிக்கட்டுக்குக் கீழே சுருக்கென்று பிடிக்கிறது. வலது உள்ளங்கையின் ஓரத்தை பிரிட்ஜ் மேல் வைத்துக் கம்பியை லேசாக அமுக்கிக்கொண்டே மீட்ட வேண்டும். அமுக்கம் கூடினால் கட்டையைத் தட்டுகிற சத்தம், குறைந்தால் கம்பி நீளமாக ஒலித்து எல்லாம் குழம்புகிறது. நாலு நிமிடம் ஒரே சீராக, ஒரே டேக்கில் வாசித்தார் என்றால் அந்த ஆளுக்கு ஒரு கும்பிடு.

வாசிக்க வாசிக்க எனக்குக் கோபம்தான் கூடியது. இது இல்லாமல் அந்தப் பாட்டே கிடையாது. எழுதியவர் பெயரில் சம்மர்ஸ் இல்லையா?

பாகாயம்_ஆல்டோ | திங்கள், இரவு 10.15

இல்லை தம்பி, ஸ்டிங் பெயர் மட்டும்தான்.

நான் முப்பது வருடம் கொயரில் பாடியவள், குழந்தைகளுக்குப் பாட்டும் சொல்லித் தருகிறேன். நீ பிடித்த அந்த மூன்று விரலையும் நம் கணக்கில் சொல்லிப் பார். ச, ப, அதற்கு மேலே மேல் ரி. அப்புறம்தான் க-வைத் தொட்டுவிட்டு உடனே திரும்புகிறது. கார்டு மேஜரா மைனரா என்று சொல்ல வேண்டியது க. சம்மர்ஸ் முதலில் ரி-யை முன்னால் நிறுத்திவிடுகிறார். அதனால் சந்தோஷமா சோகமா என்று தீர்மானிக்க முடியாமல் காது ஒரு நொடி தத்தளிக்கிறது. ஒவ்வொரு கார்டிலும் அந்த ஒரு நொடி.

பாட்டின் பொருளுக்கு அது எவ்வளவு பொருந்துகிறது பாருங்கள். எல்லாரும் இதைக் காதல் பாட்டு என்று நினைக்கிறார்கள். சொல்கிறவன் விட்டுப்போனவளின் ஒவ்வொரு மூச்சையும் அசைவையும் கண்காணித்துக்கொண்டிருக்கிறான். பொறாமைக்காரனின் பாட்டு. ஸ்டிங்கே அதைப் பல தடவை சொல்லிவிட்டார், யார் கேட்கிறார்கள்? போன தை மாதம் ஒரு ரிசப்ஷனில் மாப்பிள்ளையும் பெண்ணும் மேடை ஏறும்போது இதைத்தான் போட்டார்கள். நான் பொண்ணு முகத்தைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன், பாவம்.

சத்துவாச்சாரி_சத்தம் | திங்கள், இரவு 10.31

அக்கா, அந்தச் செட்டு என்னுடையதாக இருக்கலாம். மன்னிக்கவும்.

கோட்டை_அகழி | செவ்வாய், காலை 8.02

எல்லாரும் கிட்டார்காரனுக்கு மாலை போடுகிறீர்கள். எதிர்க்கட்சிக்கு நான் ஒருவன்தான் போலிருக்கிறது, சரி.

கார்டு வரிசை ஸ்டிங் கொண்டுவந்தது. மெட்டு ஸ்டிங் கொண்டுவந்தது. வரி ஸ்டிங்குடையது. சம்மர்ஸ் அதே கார்டுகளை வேறு மாதிரி பிரித்து வாசித்தார். வீடு கட்டியவன் ஒருவன், வெள்ளையடித்தவன் ஒருவன். வெள்ளையடித்த பிறகு வீடு அழகாக இருக்கிறது என்பதற்காகப் பத்திரத்தில் பெயர் எழுதுவீர்களா? அந்தப் பாட்டை நாளைக்கு யாராவது ஒரு ஆர்மோனியத்தை மட்டும் வைத்துக்கொண்டு பாடினாலும் அதே பாட்டுதான். வெறும் ரிஃபை வாசித்தால் அது பாட்டா?

ஆம்பூர்_அடி | செவ்வாய், காலை 8.45

பதில் 1997-லேயே வந்துவிட்டது அகழி அண்ணா. அமெரிக்காவில் ராப் பாடகர் பஃப் டாடி, சுடப்பட்டு இறந்த தன் நண்பருக்காக ஓர் அஞ்சலிப் பாட்டு வெளியிட்டார். அவர் எடுத்துக்கொண்டது என்ன? அந்தக் கிட்டார் பதிவைத்தான், சம்மர்ஸ் வாசித்த அதே டேக். ரிஃப் ஓட ஓட மேலே புது வரிகளைப் பேசினார். பல்லவி மெட்டும் பழையதுதான், ஒத்துக்கொள்கிறேன். அதுவும் பல நாடுகளில் முதலிடம். எழுத்துரிமைப் பணம் ஸ்டிங்குக்கு. விரல் வலித்தது ஒருவருக்கு, மணியார்டர் இன்னொருவருக்கு.

கோட்டை_அகழி | செவ்வாய், காலை 8.51

பல்லவி மெட்டும் எடுத்தார் என்று நீயே சொல்லிவிட்டாய். அப்புறம் என்ன?

ராணிப்பேட்டை_வக்கீல் | செவ்வாய், இரவு 8.20

அந்தச் சண்டை இன்னும் ஓயவில்லை. சம்மர்ஸும் கோப்லண்டும் சேர்ந்து ராயல்டி பாக்கி என்று 2025-ல் லண்டன் உயர் நீதிமன்றத்துக்குப் போனார்கள். 1977-ல் லண்டனில் தொடங்கிய பேண்டு, 1980-ல் பம்பாய் ரங் பவனில்கூட வந்து வாசித்தவர்கள், 2007-ல் மறுபடி கூடி உலகம் சுற்றியவர்கள், கடைசியில் வந்து நிற்பது கோர்ட்டு வாசலில்.

அங்கே என்னவோ ஆகட்டும், இங்கே சட்டம் என்ன என்று பார்ப்போம். நம் பதிப்புரிமைச் சட்டம் 1957-ஆம் வருடத்தது, 2012-ல் பெரிய திருத்தம் வந்தது. அதில் வரிகள் வேறு, இசை வேறு. வரிகள் இலக்கியப் படைப்பாகக் கணக்கு. இசைக்கு உரிமையாளர் அதை அமைத்தவர். இசைக்குறிப்பாக எழுதி வைத்திருக்க வேண்டும் என்ற கட்டாயம்கூட இல்லை. ஆகவே 'நான் எழுதினேன், நீ வாசிச்ச' என்பது சட்டத்தில் அப்படியே செல்லாது தம்பி. நீ வாசித்தது ஏற்கெனவே அமைத்ததையா, அல்லது அந்த இடத்தில் நீயே அமைத்ததையா என்பதுதான் கேள்வி. இரண்டு பேர் சேர்ந்து உழைத்து, யார் பங்கு எது என்று பிரிக்க முடியாதபடி ஒன்று உருவானால் அதற்குக் கூட்டுப் படைப்பு என்று பெயர்.

அமைத்தது இல்லை, வாசித்தது மட்டுமே என்று வைத்துக்கொண்டாலும் நிகழ்த்துநர் உரிமை என்று ஒன்று தனியாக இருக்கிறது, ஐம்பது வருடத்துக்கு. இசை உரிமை அமைத்தவரின் ஆயுளுக்குப் பிறகும் அறுபது வருடம்.

இன்னொன்று, இதைத்தான் எல்லாரும் கோட்டை விடுகிறார்கள். உரிமையை யாருக்காவது எழுதிக் கொடுத்தால் எழுத்தில்தான் கொடுக்க வேண்டும், வாய்ப்பேச்சு செல்லாது. எத்தனை வருடத்துக்கு என்று எழுதாமல் விட்டால் ஐந்து வருடம் என்றும், எந்த நாட்டுக்கு என்று எழுதாவிட்டால் இந்தியாவுக்கு மட்டும் என்றும் சட்டம் எடுத்துக்கொள்ளும். நாலு பேரும் ஒரு வெள்ளைத்தாளில் யாருக்கு எவ்வளவு என்று எழுதிக் கையெழுத்துப் போடுங்கள். பாட்டு ஓடுவதற்கு முன்னால் போடுங்கள். ஓடின பிறகு யாரும் போடமாட்டார்கள், தொழிலில் பார்த்ததைச் சொல்கிறேன்.

கழிஞ்சூர்_குரல் | செவ்வாய், இரவு 11.48

நான்தான் அந்தப் பாடுகிறவன். டிரம்மர் இந்த இழையை அனுப்பினான்.

இவ்வளவு பேரிடம் சொல்லும் முன்னால் என்னிடம் ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம், மச்சான். சரி, வந்தது வந்துவிட்டேன், என் பக்கத்தையும் கேளுங்கள்.

ரிஃப் அவனுடையது இல்லை என்று நான் ஒருநாளும் சொல்லவில்லை. அது வந்த நாள் எனக்கு நன்றாக ஞாபகம் இருக்கிறது. மே மாதம், ஞாயிற்றுக்கிழமை, மத்தியானம். மேலே தகரம். மைக்கில் இரைச்சல் ஏறுகிறது என்று ஃபேனையும் நிறுத்திவிட்டோம். அவன் முழங்கையிலிருந்து வேர்வை கிட்டார் மேல் சொட்டிக்கொண்டே இருந்தது. ரயில் சத்தம் வேறு. ஒவ்வொரு டேக்குக்கும் வண்டி போகக் காத்திருக்க வேண்டும். "லால்பாக் போவட்டும், அப்புறம் ஆரம்பிக்கலாம்" என்று உட்கார்ந்திருந்தபோது அவன் கிட்டாரில் முதல் கம்பி அறுந்தது. மாற்றுக் கம்பி கையில் இல்லை, ஞாயிறு என்பதால் கடை மூடியிருந்தது. அதுவரை அவன் மேல் கம்பிகளில் என்னென்னவோ வேகமாக வாசித்துக்கொண்டிருந்தான், எனக்குப் பாட வழியே இல்லாமல். இப்போது கீழ்க் கம்பிகள் மட்டும் இருக்கவும் நான்தான் சொன்னேன்: "அவசரப்படாத, நான் பாடற இடத்துல விட்டுடு, நான் மூச்சு வாங்கற இடத்துல வாசி." அப்படி வந்ததுதான் அந்த ரிஃப்.

இப்போது சொல்லுங்கள் வக்கீல் சார். அவன் விரல், என் சொல், அறுந்த கம்பி. மூன்றில் யார் அமைத்தவர்?

ராணிப்பேட்டை_வக்கீல் | புதன், காலை 6.55

கம்பிக்கு உரிமை கிடையாது. உங்கள் இரண்டு பேருக்கும் உண்டு என்றுதான் எனக்குத் தோன்றுகிறது. நீ வெறுமனே "நல்லா வாசி" என்று சொல்லியிருந்தால் அது யோசனை. எந்த இடத்தில் விட வேண்டும், எந்த இடத்தில் வர வேண்டும் என்று சொல்லி, அவன் அதற்குச் சுரம் போட்டிருந்தால் அது இரண்டு பேர் வேலை. கோர்ட்டில் இதை நிரூபிக்கப் பத்து வருடம் ஆகும், தாளில் எழுதப் பத்து நிமிடம்.

காட்பாடி_கிட்டார் | புதன், காலை 7.30

அவன் சொன்னது நிஜம். விட்டுவிட்டு வாசி என்று சொன்னது அவன்தான். நான் அதை மறந்தே போயிருந்தேன். மறந்தேனா, மறக்க நினைத்தேனா தெரியவில்லை.

பிரச்சினை இப்போது வேறு. சென்னையில் ஒரு ஸ்டுடியோவில் 18,000 ரூபாய் கொடுத்துப் பாட்டை மிக்ஸ் செய்து வாங்கினோம். வந்ததைப் பார்த்தால் நாற்பத்திரண்டு டிராக், அதாவது தனித்தனியாகப் பதிந்த சத்தங்கள். நாங்கள் வாசிக்காத வயலின் எல்லாம் இருக்கிறது. ரிஃபைத் தேட வேண்டியிருக்கிறது. இவ்வளவு சண்டை போட்டதே காதில் விழாத ஒன்றுக்காகத்தான்.

நெறியாளர் | புதன், காலை 10.10

ஸ்டுடியோவின் பெயரைக் குறிப்பிட்ட ஒரு பதிலை நீக்கியிருக்கிறேன். பெயர் வேண்டாம், பாட்டைப் பற்றிப் பேசுங்கள்.

சத்துவாச்சாரி_சத்தம் | புதன், காலை 11.00

டிராக்குகளைத் தனித்தனியாக எனக்கு அனுப்பு தம்பி. காசு வேண்டாம், மக்கன் பேடா வாங்கி வந்தால் போதும், ஆற்காட்டில் வாங்கியதாக இருக்கட்டும்.

சத்துவாச்சாரி_சத்தம் | வெள்ளி, இரவு 11.35

கேட்டேன். செய்ததைச் சொல்கிறேன், மற்றவர்களுக்கும் உதவும்.

முதலில் எல்லாவற்றையும் ஊமையாக்கினேன். குரலை மட்டும் திறந்தேன். பாட்டு நிற்கிறதா? நிற்கிறது, பையன் நன்றாக எழுதியிருக்கிறான். அடுத்து பேஸ். அடுத்து கிட்டார். அந்த இடத்திலேயே எனக்கு முடிந்துவிட்டது. அதற்குப் பிறகு ஒவ்வொரு டிராக்காகத் திறந்து, இது வந்ததால் குரல் தெளிவாகிறதா, மங்குகிறதா என்று மட்டும் கேட்டேன். மங்கினால் மூடிவிட்டேன். வயலின் போனது, கைதட்டல் போனது, கிட்டாரின் மேல் ஏற்றியிருந்த எதிரொலி போனது. கிட்டாருக்கும் கீபோர்டுக்கும் ஒரே உயரத்தில் சத்தம், இரண்டும் ஒரே நாற்காலியில் உட்காரப் பார்க்கின்றன. கீபோர்டில் பதினோரு டிராக். மனசைக் கல்லாக்கிக்கொண்டு பதினொன்றையும் மூடினேன்.

டிரம்மர் தம்பி இரண்டாவது சரணத்துக்கு முன்னால் ஓர் உருட்டு உருட்டியிருக்கிறார். கைவேலை பிரமாதம். அதுவும் இல்லை. ஆம்பூர்க்காரரிடம் ஆறுதல் வாங்கிக்கொள்ளட்டும்.

மிச்சம் ஒன்பது டிராக்.

ஆம்பூர்_அடி | சனி, காலை 7.20

அந்தத் தம்பியை ஆம்பூர் வரச்சொல்லுங்கள், பிரியாணி என் செலவு. உருட்டு போன துக்கம் அரை பிளேட்டில் தீராது, முழு பிளேட்டு.

கோட்டை_அகழி | சனி, காலை 9.15

ஒன்பது டிராக் பதிப்பை எனக்கும் அனுப்பினார் சத்தம் அண்ணன். இரண்டு தடவை கேட்டேன். மூன்றாவது தடவை மார்க்கெட்டில் கத்தரிக்காய் பொறுக்கும்போது வாயில் ஓடிக்கொண்டிருந்தது. என்ன ஓடியது என்று நின்று கவனித்தேன்.

ரிஃப்தான். சொல்ல வேண்டாம் என்று பார்த்தேன்.

ஆனாலும் வெள்ளையடித்தவன் வாதத்தை நான் வாபஸ் வாங்கவில்லை.

பாகாயம்_ஆல்டோ | சனி, காலை 9.40

வாங்கவே வேண்டாம், நீங்கள் முணுமுணுத்தாலே போதும்.

கழிஞ்சூர்த் தம்பிக்கு ஒன்று. இரண்டாவது சரணத்தில் 'ழ' சரியாக விழவில்லை. மைக் நல்ல மைக் என்பதால் அதுவும் கேட்கிறது. அந்த ஒரு வரியை மட்டும் மறுபடி பாடிவிடு.

கழிஞ்சூர்_குரல் | ஞாயிறு, இரவு 9.05

பாடிவிட்டேன் அக்கா. லால்பாக் போன பிறகு.

நாலு பேரும் மாடியில் உட்கார்ந்து தாளில் எழுதினோம். வரிகள் நான். இசை, நானும் அவனும் பாதிப் பாதி. அவன் முதலில் "எனக்குப் பெயர் போதும், பங்கு வேண்டாம்" என்றான். வக்கீல் சார் எழுதியதைப் படித்துக் காட்டினேன், அதற்கப்புறம் பேசவில்லை. வாசித்ததற்கு வருகிற பணம் நாலு பங்கு சமம். டிரம்மர் கையெழுத்துப் போட்டான். கீபோர்டு போடவில்லை.

காட்பாடி_கிட்டார் | ஞாயிறு, இரவு 9.40

மீதியை நான் சொல்கிறேன். அவன் தாளைத் தள்ளி வைத்துவிட்டு, "பாட்டுல நானே இல்ல, எதுக்குடா கையெழுத்து?" என்றான். பதில் சொல்ல எங்களுக்கு வாய் வரவில்லை. பதினோரு டிராக் அவன் ஒரு மாதம் உட்கார்ந்து வாசித்தது. மூடியது சத்தம் அண்ணன் என்றாலும் சரி என்று தலையாட்டியது நாங்கள்.

கொஞ்ச நேரம் யாரும் பேசவில்லை. அப்புறம் பாட்டை மறுபடி ஓடவிட்டோம். மூன்றாவது நிமிடத்தில் குரலும் ரிஃபும் இல்லாத எட்டு கவுண்ட் ஒன்று வருகிறது. பேஸ் மட்டும் போய்க்கொண்டிருக்கும். அந்த இடம் வந்ததும் அவன் எழுந்து போய், நின்றபடியே ஒற்றை விரலால் ஒரே கட்டையை எட்டுத் தடவை அடித்தான். கோபத்தில் அடித்தானா வேண்டுமென்றே அடித்தானா தெரியவில்லை. அவன் இந்த இழையைப் படித்திருக்கிறான் என்பது மட்டும் தெரிந்தது.

டிரம்மர் திரும்ப ஓடவிட்டான். மறுபடி அடித்தான். இந்தத் தடவை பதிவு செய்துகொண்டோம்.

தாள் இன்னும் மேஜை மேல்தான் இருக்கிறது. பேனாவை எடுத்துக்கொண்டு, "எட்டு அடிக்கு எவ்ளோ சதவீதம், உங்க வக்கீல கேட்டுச் சொல்லு" என்கிறான்.

வக்கீல் சார், இருக்கிறீர்களா?